அத்தை நிறுத்திய இடத்தில் தேய்ந்த டேப்

டர்பனை அடுத்த சாட்ஸ்வொர்த்தில் அத்தை வீட்டு அலமாரியைத் திறந்தால் அந்துருண்டை வாசனையோடு வீடியோ கேசட்டுகள் சரிந்து விழும். தென்னாப்பிரிக்காவுக்கு டி.வி.யே 1976-ல்தான் வந்தது. பிறகு வந்த வீடியோ டெக்கில்தான் அத்தை தமிழ்ப் படங்களைத் திரும்பத் திரும்பப் பார்த்தார். அதில் ஒரு கேசட்டைக் கணினிக்கு மாற்ற உட்கார்ந்தேன். படம் ஒழுங்காக ஓடியது. ஒரு பாட்டு வந்த இடத்தில் மட்டும் திரை முழுக்க வெள்ளைக் கீறல்கள்.

"அத்தை, இந்த இடத்தை எத்தனை தடவை பார்த்தீங்க?"

"புடவை டிசைன் பார்க்க நிறுத்தி நிறுத்தி வைப்பேன்டா."

கீறலுக்குக் காரணம் அதுதான். இந்த வீடியோ கேசட்டுக்குள் இருக்கும் வி.எச்.எஸ். டேப் அரை அங்குல பாலியெஸ்டர் நாடா. அதன்மேல் இரும்பு ஆக்சைடுத் தூளைப் பசைபோட்டுப் பூசியிருப்பார்கள். எங்கள் ஊர் டி.வி.க்கான பால் (PAL) முறையில் நாடா வினாடிக்கு 2.3 செ.மீ.தான் நகரும். படத்தைப் பதிய அந்த வேகம் எந்த மூலைக்கு? அதனால் நாடாவுக்குச் சாய்வாக ஓர் உருளையை வைத்து, நிமிடத்துக்கு 1,500 சுற்று சுழலவிட்டார்கள். உருளையிலுள்ள இரண்டு ஹெட்கள், அதாவது காந்தப் பதிவைப் படிக்கும் முனைகள், நாடாவின் குறுக்கே சாய்கோடுகளாகப் படித்துக்கொண்டு போகும். ஒரு கோட்டுக்கு அரைப் படம். படத்தை நிறுத்திவைக்கும் பாஸ் (pause) பொத்தானை அழுத்தினால் நாடா நிற்கும், உருளை நிற்காது. ஒரே இடத்தை வினாடிக்கு 50 தடவை உரசிக்கொண்டே இருக்கும். சில நிமிடங்களில் டெக் தானாகவே பாஸை விட்டுவிட்டதை அன்று கோளாறு என்று திட்டியிருக்கிறோம். பாவம், அது நாடாவைக் காப்பாற்றப் பார்த்திருக்கிறது.

டர்பனின் கடற்கரை ஈரமும் சும்மா இருப்பதில்லை. பசை ஈரத்தை உறிஞ்சிப் பிசுபிசுக்கும், தூள் உதிர்ந்து ஹெட்டில் அப்பும். நாடாவின் ஓரத்தில் வெள்ளையாகப் பூஞ்சை தெரிந்தால் டெக்கில் போடவே கூடாது. அடுத்த கேசட்டுக்கும் தொற்றும். டெக்கும் இனிப் புதிதாகக் கிடைக்காது. கடைசிவரை தயாரித்த ஜப்பானின் ஃபுனாய் 2016-ல் நிறுத்திவிட்டது.

மாற்றும்போது டெக்குக்கும் கணினிக்கும் நடுவே டைம் பேஸ் கரெக்டர் வேண்டும். பழைய நாடா இழுபட்டு ஒவ்வொரு வரியும் கொஞ்சம் முன்பின்னாக வரும். அதை நேராக்கி அனுப்புவது இந்தப் பெட்டியின் வேலை. பிறகு சேமிப்பு. 720-க்கு 576 புள்ளி, வினாடிக்கு 25 படம் என்று சுருக்காமல் வைத்தால் ஒரு மணி நேரத்துக்குச் சுமார் 75 ஜிபி. எம்பி4 ஆக்கினால் ஓரிரண்டு ஜிபியில் அடங்கும், ஆனால் அது கண்ணுக்குத் தெரியாது என்று நினைப்பதையெல்லாம் தூக்கி எறிந்துவிடும். எறிந்தது திரும்பி வராது. அதனால் காப்பகங்கள் பல எஃப்எஃப்வி1 போன்ற இழப்பில்லாத முறையில் மூலத்தை வைத்துக்கொண்டு, பார்ப்பதற்கு மட்டும் எம்பி4 எடுக்கின்றன.

கோப்பும் கெடும். ஹார்ட் டிஸ்கில் ஒரு பிட், அதாவது ஒரு 0 அல்லது 1, புரண்டால் சத்தம் எதுவும் வராது. அதற்குத்தான் செக்சம்: முழுக் கோப்பையும் கணக்குப்போட்டு ஒரு சின்ன எண்ணாக்கி எழுதிவைப்பது. ஒரு பிட் மாறினாலும் எண் வேறாகிவிடும். வேறு ஊரில் ஒரு பிரதி இருந்தால் அதிலிருந்து சரிசெய்யலாம். 1996-ல் தொடங்கிய இணைய நூலகமான இன்டர்நெட் ஆர்க்கைவிலும் கோப்புகளின் பக்கத்திலேயே இந்த எண்களைப் பார்க்கலாம். உரிமையாளர் இருக்கும் படத்தைப் பொதுவில் ஏற்றுவது வேறு சங்கதி, நான் ஏற்றவில்லை.

வெள்ளைக் கீறல்களைப் பக்கத்து வரிகளை வைத்து மென்பொருளால் மூடலாம். பார்க்கும் பிரதியில் மூடினேன், மூலத்தில் அப்படியே விட்டேன். அத்தையிடம் போட்டுக் காட்டினேன். பாட்டு தொடங்கியதும் அவர் கை ரிமோட்டைத் தேடியது.

"நிறுத்தலாமாடா?"

"எவ்வளவு நேரம் வேணும்னாலும் நிறுத்துங்க அத்தை."