ஃபைல் நகர்ந்தால் ஸ்டே ஆகிவிடாது, சார்

டெல்லி கோப்பர்நிக்கஸ் மார்கில் உள்ள மத்திய நிர்வாகத் தீர்ப்பாயத்தில் அரசு ஊழியர் வழக்குகள் நடத்துகிறேன். போன வாரம் ஆர்.கே.புரத்திலிருந்து ஓய்வுபெற்ற பெரியவர் ஒருவர் வந்தார். மஞ்சள் பையிலிருந்து தீர்ப்பு நகலை எடுத்து வைத்தார். மடிப்பில் கிழிந்துவிடாமல் இருக்க செலோடேப் ஒட்டியிருந்தார். எட்டு வாரத்துக்குள் சம்பளத்தைத் திருத்தி நிலுவையைக் கொடுக்கச் சொல்லித் தெளிவான உத்தரவு. "கண்டெம்ப்ட் போடணும் சார்" என்றார். உத்தரவு துறைக்குப் போய்ப் பதினாறு மாதம் ஆகியிருந்தது. இந்த வருடம் இப்படி வருகிற நாலாவது ஆள் இவர்.

கண்டெம்ப்ட் வழக்குப் போட நீதிமன்ற அவமதிப்புச் சட்டம், 1971-இன் 20-வது பிரிவு கொடுப்பது ஒரே ஒரு வருடம். கெடு முடிந்த நாளிலிருந்து எண்ணுங்கள். இவருக்கு அது இரண்டு மாதம் முன்பே தீர்ந்துவிட்டது.

ஏன் காத்திருந்தீர்கள் என்றால் எல்லாரும் ஒரே பதில்தான்: "ஹைகோர்ட்டுக்குப் போயிருக்காங்களாம்." யார் சொன்னது? செக்‌ஷன் ஆபீசர். சரி, போகட்டும். துறை ஹைகோர்ட்டில் ரிட் மனு போட்டதாலேயே தீர்ப்பு நின்றுவிடாது. ஸ்டே, அதாவது இடைக்காலத் தடை, வாங்கினால்தான் நிற்கும். "ஃபைல் ஃபைனான்ஸில் இருக்கு" என்பது ஸ்டே இல்லை. "லா மினிஸ்ட்ரி ஒப்பீனியன் வரணும்" என்பதும் ஸ்டே இல்லை. அடுத்த மாதம் கட்டாயம் முடித்துத் தருகிறேன் என்று ஜாயின்ட் செக்ரட்டரி டீ வாங்கிக் கொடுத்துச் சொன்னாலும் அது ஸ்டே இல்லை. உங்கள் ஒரு வருடம் ஓடிக்கொண்டேதான் இருக்கும்.

இன்னொன்று. தீர்ப்பில் 'கொடு' என்று இருக்கிறதா, 'பரிசீலி' என்று இருக்கிறதா, பாருங்கள். பரிசீலித்து நிராகரித்தாலும் உத்தரவை நிறைவேற்றியதாகத்தான் கணக்கு. அந்த நிராகரிப்பு தவறென்றால் புது வழக்குதான் போட வேண்டும். உச்ச நீதிமன்றம் 1996-இல் பரிகார் வழக்கிலேயே சொன்னது இது. முதல் நாளிலேயே 'பரிசீலிக்கவும்' என்று வாங்கிக் கொடுத்துவிட்டு ஸ்வீட் சாப்பிடும் வக்கீல்கள் எங்களிலும் உண்டு.

அதிகாரி கைகட்டி நிற்பதைப் பார்க்கும் ஆசையையும் விட்டுவிடுங்கள். சட்டத்தில் ஆறு மாதச் சிறையும் 2,000 ரூபாய் அபராதமும் இருப்பது உண்மைதான். நடப்பில் பெரும்பாலும் மன்னிப்புக் கேட்டு, உத்தரவை நிறைவேற்றிவிடுவார்கள். அதிகாரிகளை எடுத்ததும் நேரில் அழைக்கக் கூடாது என்று 2024 ஜனவரியில் உச்ச நீதிமன்றம் வழிமுறையே வகுத்துவிட்டது. உங்களுக்கு வேண்டியது நிலுவைப் பணம்.

நகல் கையில் வந்த வாரமே துறையில் நேரில் கொடுத்து, டைரி நம்பரும் (பதிவேட்டு எண்) முத்திரையும் வாங்குங்கள். ஸ்பீட் போஸ்டிலும் ஒன்று அனுப்புங்கள். கெடு நாளைக் காலண்டரில் வட்டம் போட்டு வையுங்கள். தாண்டினால் அந்த மாதமே வக்கீல் நோட்டீஸ். மாதாமாதம் போன் செய்தேன் என்று சொல்லாதீர்கள், போன் பேச்சுக்கு டைரி நம்பர் கிடையாது.

பெரியவருக்கு, தீர்ப்பை நிறைவேற்றக் கோரி நிர்வாகத் தீர்ப்பாயச் சட்டத்தின் 27-வது பிரிவில் மனு தயாராகிறது. தாமதத்துக்கு அங்கும் பதில் சொல்லியாக வேண்டும். "ஹைகோர்ட்டுக்குப் போயிருக்குன்னு சொன்னாரே, அந்த செக்‌ஷன் ஆபீசர் இப்ப எங்கே?" என்று கேட்டேன்.

"போன மாசம் ரிட்டயர் ஆயிட்டார் சார். ஃபேர்வெல்லுக்குக்கூடப் போயிருந்தேன்" என்றார்.