மூன்று வழியாக வரும் கொழுந்து: மொத்த நிகழ்தகவு விதியைக் கையாளும் முறை

தலவாக்கலைப் பக்கத்துத் தேயிலைத் தொழிற்சாலை ஒன்றுக்கு ஒரு நாளில் 1000 கிலோ பச்சைக் கொழுந்து வருகிறது என்று வைத்துக்கொள்வோம். தோட்டத்தின் மேற்பிரிவிலிருந்து 500 கிலோ, கீழ்ப்பிரிவிலிருந்து 300 கிலோ, சுற்றியுள்ள சிறுதோட்டக்காரர்களிடம் வாங்கியது 200 கிலோ. மேற்பிரிவுக் கொழுந்தில் 10 சதவீதம் முற்றல். கீழ்ப்பிரிவில் அது 20 சதவீதம், வாங்கிய கொழுந்தில் 35 சதவீதம். (இந்தக் கட்டுரையில் வரும் சதவீதங்கள் எல்லாம் கணக்குக்காக எடுத்துக்கொண்டவை.) எல்லாவற்றையும் ஒன்றாகக் கலந்து, எங்கிருந்தோ ஒரு சிட்டிகை இலையை எடுத்தால் அது முற்றலாக இருக்கும் நிகழ்தகவு என்ன?

10, 20, 35 மூன்றையும் கூட்டி மூன்றால் வகுத்தால் 21.7 வரும். விடை அதுவல்ல. கிலோவாகவே எண்ணிப் பாருங்கள்: மேற்பிரிவின் முற்றல் 50 கிலோ, கீழ்ப்பிரிவின் முற்றல் 60, வாங்கியதில் 70. மொத்தம் 180 கிலோ. ஆகவே நிகழ்தகவு 0.18. மொத்த நிகழ்தகவு விதி சொல்வது இவ்வளவுதான்: ஒவ்வொரு வழியின் பங்கையும் அந்த வழிக்குள் உள்ள நிபந்தனை நிகழ்தகவால் (அந்த வழியில் வந்தது என்று தெரிந்தால் முற்றலாக இருக்கும் நிகழ்தகவால்) பெருக்கு, பிறகு கூட்டு.

0.5 × 0.10 + 0.3 × 0.20 + 0.2 × 0.35 = 0.05 + 0.06 + 0.07 = 0.18

உயர்தர இணைந்த கணிதம் படிப்பவர்கள் இதை மரவரிப்படமாக வரைவார்கள். கிளை வழியே போகும்போது பெருக்கல், கிளை நுனிகளைச் சேர்க்கும்போது கூட்டல். படம் வேண்டாம் என்றால் 1000 பேர், 1000 கிலோ என்று முழு எண்ணில் எழுதிப் பார்க்கலாம். தசமத்தில் வரும் பிழைகள் பாதி அங்கேயே அகப்பட்டுவிடும். இன்னொரு சோதனையும் உண்டு. விடை எப்போதும் மிகச்சிறிய நிபந்தனை நிகழ்தகவுக்கும் மிகப்பெரியதற்கும் இடையில்தான் இருக்க வேண்டும். இங்கே 0.10க்கும் 0.35க்கும் வெளியே போனால் எங்கோ பெருக்கல் பிசகியிருக்கிறது.

விதி வேலை செய்ய இரண்டு நிபந்தனைகள் உண்டு: வழிகள் ஒன்றின்மேல் ஒன்று ஏறக்கூடாது, ஒன்றும் விடுபடவும் கூடாது. பங்குகளின் கூட்டுத்தொகை 1 ஆகிறதா என்று பார்ப்பது அவசியம், ஆனால் அது மட்டும் போதாது. ‘மேற்பிரிவு, மழையில் பறித்தது, வாங்கியது’ என்று பிரித்தால் மேற்பிரிவில் மழையில் பறித்தது இரண்டு இடத்தில் எண்ணப்படும், கீழ்ப்பிரிவில் வெயிலில் பறித்தது எங்கும் எண்ணப்படாது. இரண்டு தவறும் ஒன்றையொன்று ஈடுகட்டி, கூட்டுத்தொகை தற்செயலாக 1 ஆகிவிடவும் கூடும்.

சூத்திரம் யாருக்கும் சிரமமில்லை. எப்படிப் பிரிப்பது என்பதில்தான் திறமை இருக்கிறது. ஹட்டனில் ஆண்டின் ஏதோ ஒரு நாளில் மழை பெய்யும் நிகழ்தகவு வேண்டும் என்று வையுங்கள். ஆண்டைத் திங்கள், செவ்வாய் என்று ஏழாகப் பிரித்தாலும் விதி செல்லும். ஆனால் கிழமைக்கும் மழைக்கும் தொடர்பில்லாததால், தெரியாத ஒன்றுக்குப் பதில் தெரியாத ஏழு வரும். பருவக்காற்றால் பிரித்தால் கதை வேறு. வானிலைத் துறையினர் ஆண்டை நான்காகப் பிரிக்கிறார்கள்: மார்ச், ஏப்ரல் முதலாம் இடைப்பருவம்; மே முதல் செப்டெம்பர் வரை தென்மேற்கு; ஒக்டோபர், நவம்பர் இரண்டாம் இடைப்பருவம்; டிசம்பர் முதல் பெப்ரவரி வரை வடகீழ். நாள் கணக்கில் இவை 61, 153, 61, 90. நான்கு பருவம் என்பதற்காக ஆளுக்குக் கால் பங்கு கொடுக்க முடியாது. மழை நிகழ்தகவுகளை முறையே 0.3, 0.7, 0.6, 0.3 என்று கொண்டால்:

18.3 + 107.1 + 36.6 + 27 = 189 நாள்; 189 ÷ 365 ≈ 0.52

பருவத்துக்குக் கால் பங்கு என்று கொடுத்திருந்தால் 0.475 வந்திருக்கும். பண்டாரவளைக்கும் இதே பிரிவினையை வைத்துக்கொள்ளலாம், உள்ளே போடும் எண்கள்தான் மாறும். ஜூலையில் ஹட்டனிலிருந்து பண்டாரவளைக்குப் போகும் வழியில் பட்டிப்பொல வரை தூறலும் பனிமூட்டமுமாக இருக்கும், சுரங்கம் தாண்டி ஒகியா பக்கம் போனால் வெயில் அடிக்கும். ரயிலில் போனவர்களுக்கு இது தெரியும்.

இனி மாணவர்கள் அதிகம் சறுக்கும் இடம். சிவனொளிபாதமலை யாத்திரைப் பருவத்தில் ஹட்டனுக்கு வரும் ஒருவர் மழையில் நனையும் நிகழ்தகவு என்ன? புதிதாக ஒரு தகவல் வந்ததும், பங்குகளையும் அந்தத் தகவலுக்கு உட்பட்டு மாற்ற வேண்டும். பலர் உள்ளே இருக்கும் நிபந்தனை நிகழ்தகவை மட்டும் மாற்றிவிட்டு, பங்கைப் பழையபடி 153/365 என்றே விட்டுவிடுகிறார்கள். யாத்திரைப் பருவம் டிசம்பர் போயாவில் (முழுநிலா நாளில்) தொடங்கி மே மாத வெசாக் போயாவோடு முடிகிறது. போயா ஆண்டுக்கு ஆண்டு நகரும் என்பதால் டிசம்பர் 15 முதல் மே 15 வரை என்று எடுத்துக்கொள்வோம். இந்த 152 நாளில் வடகீழ் 76, முதலாம் இடைப்பருவம் 61, தென்மேற்கு 15 மட்டுமே. 22.8 + 18.3 + 10.5 = 51.6, அதை 152ஆல் வகுத்தால் ஏறக்குறைய 0.34. மே முதற்பாதிக்கும் ஜூனுக்கும் ஒரே 0.7 பொருந்துமா என்று கேட்டால், கேள்வி நியாயமானது. தென்மேற்கை இரண்டாக வெட்டி வேறுவேறு எண் கொடுக்கலாம். பகுதிகளை இன்னும் நுணுக்கமாகப் பிரிப்பதற்கு விதியில் தடையில்லை.

பரீட்சைக்கு வரும் பைக் கணக்கிலும் இதே சிக்கல்தான். முதற்பையில் 3 சிவப்பு, 2 நீலப் பந்துகள். இரண்டாம் பையில் 4 சிவப்பு, 3 நீலம். முதற்பையிலிருந்து ஒன்றை இரண்டாவதில் போட்டுவிட்டு, அதிலிருந்து ஒன்றை எடுத்தால் சிவப்பாகும் நிகழ்தகவு 3/5 × 5/8 + 2/5 × 4/8 = 23/40. பந்து வந்து சேர்ந்தபின் இரண்டாம் பையில் 8 இருக்கிறது என்பதை மறந்து 7ஆல் வகுப்பதுதான் வழக்கமான பிழை.

தொழிற்சாலைக்குத் திரும்பினால், ‘தற்செயலாக எடுத்தோம்’ என்பதை எப்படி எடுத்தோம் என்று சொல்லாமல் விட முடியாது. மேற்பிரிவு, கீழ்ப்பிரிவுச் சாக்குகள் 20 கிலோ, வாங்கிய கொழுந்தின் சாக்குகள் 10 கிலோ என்றால் லொறியில் 25, 15, 20 என மொத்தம் 60 சாக்கு. ஒரு சாக்கைத் தற்செயலாகத் தெரிவுசெய்து அதிலிருந்து இலை எடுத்தால் (2.5 + 3 + 7) ÷ 60 ≈ 0.208. கொழுந்து அதே கொழுந்துதான், முன்பு 18 சதவீதம் வந்தது, இப்போது 20.8. சிறிய சாக்குகள் எண்ணிக்கையில் கூடுதல் என்பதால் வாங்கிய கொழுந்து தன் எடைக்கு மேல் மாதிரியில் இடம்பிடிக்கிறது. மாதிரி எடுத்துத் தரம் பார்ப்பவர்கள் கவனிக்க வேண்டிய இடம் இது.

முற்றல் ஒன்று கையில் அகப்பட்டுவிட்டது, அது எங்கிருந்து வந்தது என்ற தலைகீழ்க் கேள்விக்கு பேயிசின் தேற்றம். தோமஸ் பேயிஸ் 1761இல் இறந்தார், அவருடைய கட்டுரையை ரிச்சர்ட் பிரைஸ் 1763இல் வெளிக்கொணர்ந்தார். செய்முறை எளிது: மேலே கூட்டிய மூன்று உறுப்பில் வேண்டியதை எடுத்து மொத்தத்தால் வகுக்க வேண்டும். வாங்கிய கொழுந்துக்கு 0.07 ÷ 0.18 ≈ 0.39. மொத்தக் கொழுந்தில் ஐந்திலொரு பங்கு, முற்றலில் ஐந்தில் இரண்டு பங்கு. 0.35ஐயும் 0.39ஐயும் குழப்பிக்கொள்ள வேண்டாம். முதலாவது வாங்கிய கொழுந்துக்குள் முற்றல் எவ்வளவு என்று சொல்கிறது, இரண்டாவது முற்றலுக்குள் வாங்கியது எவ்வளவு என்று சொல்கிறது.

அடுத்த மாதம் மேற்பிரிவில் பெரிய தேயிலை மலையொன்றில் செடிகளைக் கவ்வாத்து வெட்டுகிறார்கள். வெட்டிய செடி துளிர்த்துக் கொழுந்து தர மாதங்கள் ஆகும், அதனால் வரத்து 250, 350, 400 கிலோ என்று மாறுகிறது. இடையில் எல்லோரும் கவனமாகப் பறித்ததால் முற்றல் வீதம் மூன்று வழியிலும் குறைந்து 8, 18, 32 ஆகிறது. மொத்தம் என்ன ஆகும்?

0.25 × 0.08 + 0.35 × 0.18 + 0.40 × 0.32 = 0.211

ஒவ்வொரு வழியும் முன்னேறியிருக்க, மொத்தம் 18இலிருந்து 21.1க்கு ஏறுகிறது. மொத்த எண்ணை மட்டும் பார்ப்பவர் பறிப்பவர்களைத் திட்டுவார். யார்மேலும் பழி போடுமுன் பழைய வீதங்களைப் புதிய பங்குகளோடு பெருக்கிப் பாருங்கள்: 0.025 + 0.07 + 0.14 = 0.235. பங்கு மாறியதால் மட்டும் முற்றல் 5.5 புள்ளி ஏறியிருக்கிறது. கவனமான பறிப்பு அதில் 2.4 புள்ளியைத் திரும்ப இறக்கியிருக்கிறது.