வினிகர் வாடை அடிக்கும் படச்சுருள்

பழைய படச்சுருள் டப்பாவைத் திறந்ததும் வினிகர் வாடை வந்தால், ஆவணக்காப்பகத்தில் வேலை செய்பவருக்கு வயிற்றைக் கலக்கும். சுருள் அழியத் தொடங்கிவிட்டது என்று அர்த்தம்.

கடந்த நூற்றாண்டின் ஏராளமான காட்சிகள் செல்லுலோஸ் அசிடேட் என்ற பிளாஸ்டிக்கின் மேல்தான் பதிவாகியிருக்கின்றன. ஈரமும் வெப்பமும் சேர்ந்தால் அது சிதைந்து அசிட்டிக் அமிலத்தை வெளிவிடும். வினிகரில் இருப்பதும் அதே அமிலம்தான். வெளிவந்த அமிலமே மேலும் சிதைவைத் தூண்டும் என்பதுதான் கொடுமை. மூடிய டப்பாவுக்குள் தேங்கத் தேங்க அழிவின் வேகம் கூடும், பக்கத்துச் சுருள்களுக்கும் தொற்றும். ஃபிலிம் சுருங்கி நெளிந்து, கடைசியில் எந்த இயந்திரத்திலும் ஓடாது. இழந்ததை மீட்க வழியில்லை. குளிர்ந்த, உலர்ந்த அறையில் வைத்து அழிவைத் தள்ளிப்போடலாம், அவ்வளவுதான்.

குளிரின் பலத்துக்கு ஒரு சாட்சி உண்டு. 1950களின் தொடக்கம் வரை புழங்கிய இன்னொரு வகையான நைட்ரேட் ஃபிலிம் தீப்பற்றிக்கொண்டால் தண்ணீருக்குள்ளும் எரியும், அதற்கான ஆக்சிஜன் அதனுள்ளேயே இருக்கிறது. அப்படிப்பட்ட 500க்கும் மேற்பட்ட சுருள்கள், கனடாவின் டாசன் சிட்டியில் 1929இல் ஒரு நீச்சல்குளத்தை நிரப்புவதற்காகப் புதைக்கப்பட்டன. 1978இல் கட்டட வேலைக்குத் தோண்டியபோது வெளிவந்தன. உறைமண்தான் அவற்றைக் காப்பாற்றியது. பல சுருள்களில் ஈரம் ஏறிய ஓரங்கள் மட்டும் கரைந்திருந்தன.

சரி, காப்பாற்றிய சுருளை ஆவணப்படத்துக்கு எப்படிக் கொண்டுவருவது? முடிந்தவரை மூல நெகட்டிவையே ஸ்கேன் செய்ய வேண்டும். பிரிண்டிலிருந்து எடுத்த பிரிண்ட் ஒவ்வொன்றிலும் நுணுக்கம் குறைகிறது. கீறல்களுக்கு ஓர் அழகான தீர்வு இருக்கிறது. ஃபிலிமின் ஒளிவிலகல் எண்ணுக்கு (ஒளியை எவ்வளவு வளைக்கிறது என்ற அளவு) நெருக்கமான எண் கொண்ட திரவத்தில் அதை நனைத்தபடி ஸ்கேன் செய்வார்கள். திரவம் பள்ளங்களை நிரப்பிவிடுவதால் ஒளி சிதறாமல் நேராகப் போகும், பின்புறக் கீறல்கள் படத்தில் தெரியாது. படம் பதிந்த பூச்சையே கிழித்த கீறல் மட்டும் இதற்கு மசியாது.

அப்புறம் வேகம். மௌனப்படக் காலத்தில் கேமராவைக் கையால்தான் சுற்றினார்கள். நொடிக்கு 16 ஃபிரேம் அளவில் எடுத்ததை 24இல் ஓட்டினால், அழுதுகொண்டு போகிறவர்கள்கூடப் பொம்மை மாதிரி துள்ளுவார்கள். அன்றைய மனிதர்களை நாம் கேலிப்பொருளாக நினைவில் வைத்திருப்பதற்கு இது ஒரு பெரிய காரணம். சரியான வேகத்தைக் கண்டுபிடித்து, சில ஃபிரேம்களை இரட்டிப்பார்கள், அல்லது இடைப்பட்டவற்றைக் கணினியால் உருவாக்குவார்கள். கணினி உருவாக்குவது ஊகம்தான், கேமரா பார்த்தது அல்ல. ஆவணப்படம் எடுப்பவர் அதைப் பார்வையாளரிடம் சொல்லியாக வேண்டும் என்பது என் உறுதியான கருத்து.

ஸ்கேன் முடிந்ததும் சுருளைத் தூக்கிப்போடுவதுதான் பெரிய தவறு. 2019இல் வந்த ‘அப்பல்லோ 11’ ஆவணப்படத்தில் ராக்கெட் ஏவப்படும் காட்சிகள் அவ்வளவு துல்லியமாக இருப்பதற்குக் காரணம், அமெரிக்க தேசிய ஆவணக்காப்பகம் அகல ஃபிலிம் சுருள்களை அரை நூற்றாண்டாக வைத்திருந்ததுதான். டிஜிட்டல் கோப்புக்கு அந்தப் பொறுமை கிடையாது. அதைச் சேமிக்கும் எல்டிஓ என்ற காந்த டேப்பைச் சில தலைமுறைகள் தள்ளி வரும் கருவி படிக்காது, சில ஆண்டுகளுக்கு ஒருமுறை புதிய டேப்புக்கு மாற்றியாக வேண்டும். ஃபிலிமைப் படிக்க வெளிச்சமும் ஒரு லென்ஸும் போதும்.