கண்டெடுத்த கைப்பேசியும் கைமீறிய காட்சியும்

சமீர் தாஹிர் இயக்கி 2011இல் வெளிவந்த 'சாப்பா குரிஷு' என்ற மலையாளப் படத்தில், கொச்சியில் கட்டுமானத் தொழில் நடத்தும் வசதியான இளைஞன் அர்ஜுன் தவறவிட்ட கைப்பேசி, பல்பொருள் அங்காடியில் கடைநிலை வேலை செய்யும் அன்சாரியின் கைக்குப் போகிறது. தன்னிடம் பணிபுரியும் சோனியாவோடு அர்ஜுன் தனித்திருந்த காட்சிகள் அதில் இருக்கின்றன. மேலாளரிடம் ஏச்சு வாங்கியே பழகிய அன்சாரிக்கு, முன்பின் அறியாத பணக்காரன் ஒருவன் தன் சொல்லுக்குப் பணிவது பிடித்துப்போகிறது. இருவரின் இழுபறிக்கிடையே அக்காட்சி இணையத்தில் பரவ, அந்தச் சண்டையில் எவ்வகையிலும் பங்கில்லாத சோனியாவே எல்லோரையும்விட அதிகமாக இழக்கிறாள்.

இணையக் குற்ற வழக்குகளை நடத்தும் வழக்கறிஞர் என்ற முறையில் நான் பார்க்கும் வழக்குகளிலும் அந்தப் பெண்ணின் இடம் பெரும்பாலும் அதுதான். "வீடியோ எடுக்கும்போது நானும் சம்மதித்தேனே, இனி எப்படிப் புகார் கொடுப்பது?" என்று தயங்கியபடியே அவர்கள் வருகிறார்கள். இந்திய தண்டனைச் சட்டத்துக்குப் பதிலாக வந்த பாரதிய நியாய சன்ஹிதாவின் 77ஆம் பிரிவு இதற்குத் தெளிவாக விடை சொல்கிறது: படமெடுக்கச் சம்மதித்தவர் அதைப் பிறருக்குக் காட்டச் சம்மதிக்காத நிலையில் யார் பரப்பினாலும் அது குற்றமே, முதல் முறையே ஓராண்டுக்குக் குறையாமல் மூன்றாண்டு வரை சிறைத்தண்டனை உண்டு. தகவல் தொழில்நுட்பச் சட்டத்தில் அந்தரங்க மீறலுக்கான 66ஈ, பாலியல் காட்சிகளை மின்வழியில் பரப்புவதற்கான 67ஏ பிரிவுகளும் சேரக்கூடும்.

அன்சாரியைப் போன்றவர்களும் சட்டத்துக்கு வெளியே இல்லை. கண்டெடுத்த பொருளுக்கு உரியவர் யார் என அறிந்தும், அல்லது அறிய வழியிருந்தும் முயலாமல், அதைத் தனதாக்கிக்கொள்வது நியாய சன்ஹிதாவின் 314ஆம் பிரிவின்படி குற்றம். அழைப்பு வந்துகொண்டே இருக்கும் கைப்பேசியை வைத்துக்கொண்டு "யாருடையது என்று தெரியவில்லை" எனச் சொல்வது நீதிமன்றத்தில் எடுபடாது.

படத்தைவிட நடைமுறையில் எனக்குக் கவலை தருவது பழுதுபார்க்கும் கடைதான். திரைப்பூட்டின் எண்ணை ஒரு துண்டுச் சீட்டில் எழுதிக் கொடுத்துவிட்டு, மாலையில் வாங்கிக்கொள்ளலாம் என்று நிம்மதியாகப் போய்விடுகிறோம். திரை மாற்றுவதற்கும் சார்ஜ் முனையைச் சரிசெய்வதற்கும் பெரும்பாலும் அந்த எண் தேவையே இல்லை. கேட்டால், வேலை முடிந்தபின் நாமே திறந்து சோதித்துக்கொள்வதாகச் சொல்லலாம்.

கைப்பேசி தொலைந்தால் காவல் நிலையத்தில் புகார் அளித்து, அதன் நகலுடன் மத்திய தொலைத்தொடர்புத் துறையின் சஞ்சார் சாத்தி தளத்தில், கைப்பேசியின் தனி அடையாள எண்ணான ஐஎம்இஐ எண்ணை முடக்கலாம். ஆனால் இது வேறு சிம் போட்டுப் பேசுவதைத்தான் தடுக்கும். உள்ளே இருக்கும் படங்களை அழிக்காது என்பதால், கூகுள் அல்லது ஆப்பிள் கணக்கு வழியாகத் தொலைவிலிருந்தே அழிக்கவும் வேண்டும்.

காட்சி பரவிவிட்டால், அவமானத்தில் உரையாடல்களை அழித்துவிடாதீர்கள். இணைப்பு முகவரி, அனுப்பியவரின் எண், தேதி, நேரம் ஆகியவை தெரியும்படி திரைப்பிடிப்பு எடுத்து வையுங்கள். தேசிய இணையக் குற்றப் புகார் தளத்தில், பெண்களுக்கு எதிரான இத்தகைய குற்றங்களைப் பெயர் சொல்லாமலும் பதிவு செய்யலாம்.