நெய்வேலியின் தரையைத் தூக்கும் தண்ணீர்

நெய்வேலிச் சுரங்கத்தைச் சுற்றிப் பார்த்துவந்த பள்ளி மாணவி ஒருவர் கேட்டிருக்கிறார்: "சொட்டு மழை இல்லாத மே மாதத்தில்கூட அங்கே இரவு பகலாகத் தண்ணீர் இறைக்கிறார்களே, ஏன்?" அந்தச் சுரங்கத்தின் உயிரே இந்தக் கேள்வியில்தான் இருக்கிறது.

நிலக்கரி உருவாகும் கதையைப் பாடத்தில் படித்திருப்பீர்கள். சதுப்பு நிலத்தில் மரங்கள் சாய்கின்றன. தேங்கிய நீர் காற்றை அண்ட விடாததால் அவை முழுதாக மக்குவதில்லை. மேலே வண்டல் படியப் படிய, அழுத்தமும் வெப்பமும் அவற்றைக் கரியாக்குகின்றன. ஜார்க்கண்ட் மாநிலத்து ஜாரியாவின் கருநிலக்கரிக்கு வயது 25 கோடி ஆண்டுக்கும் மேல். நெய்வேலியின் பழுப்பு நிலக்கரி அதைவிட மிகவும் இளையது. ஒரு கட்டியைக் கையில் வாங்கிப் பார்த்தேன். சில பக்கங்களில் மரத்தின் நார் அப்படியே தெரிந்தது. எடையில் ஏறக்குறையப் பாதி நீர்தான். வெயிலில் வைத்தால் உலர்ந்து வெடித்து உதிரும். குவித்து வைத்தால் தானாகவே தீப்பற்றும். அதனால்தான் நெடுந்தூரம் அனுப்பாமல் சுரங்கத்தின் பக்கத்திலேயே எரித்து மின்சாரம் எடுக்கிறார்கள்.

1930களில் ஜம்புலிங்க முதலியார் தம் நிலத்தில் கிணறு தோண்டியபோது தண்ணீரோடு கறுப்பாக ஏதோ வந்தது. ஆய்வுகள் தொடர்ந்தன; 1956இல் சுரங்கத்தை நடத்தும் என்.எல்.சி. நிறுவனம் உருவானது; 1961இல் வெட்டிய குழியில் கரிப்படுகை கண்ணில் பட்டது. கிணற்றில் கரியும் தண்ணீரும் சேர்ந்தே வந்ததைக் குறித்துக்கொள்ளுங்கள்.

கரிப்படுகைக்கு மேலே கடலூர் மணற்கல். இயந்திரத்தின் பற்களைத் தேய்த்துவிடும் அளவுக்குக் கடினமானது. பல இடங்களில் வெடி வைத்துத் தளர்த்திய பிறகே வெட்ட முடியும். வெட்டுவது ராட்சதச் சக்கரம். பெரிய இயந்திரங்களில் அதன் விளிம்பில் உள்ள ஒவ்வொரு வாளியும் 1,400 லிட்டர் கொள்ளும். அள்ளிய மண் கன்வேயர் பெல்ட்டில் ஏறி, கரி எடுத்து முடித்த பழைய குழிக்குப் போகிறது.

கரிப்படுகைக்குக் கீழே இருப்பது நீர் நிறைந்த மணல். மேற்கே மேட்டு நிலத்தில் விழும் மழை இந்த மணலுக்குள் இறங்கிக் கடலை நோக்கிச் சாய்ந்து வருகிறது. மேலே கரியும் களிமண்ணும் மூடியிருப்பதால் நெய்வேலிக்கு அடியில் அது அடைபட்டு நிற்கிறது. மாடித் தொட்டியிலிருந்து இறங்கும் குழாயைக் கீழே மூடிவைத்தது போன்ற நிலை. கரியின் அடிப்பகுதியை அது ஒரு சதுர சென்டிமீட்டருக்கு 6 முதல் 8 கிலோ வரை மேல்நோக்கித் தள்ளுகிறது. உள்ளங்கை அகலம், ஏறத்தாழ 100 சதுர சென்டிமீட்டர் என்று கொண்டால், அந்த இடத்தில் மட்டும் 600 கிலோவுக்குக் குறையாத உந்தல்!

இப்போது ஒரு கணக்கு. கரிக்கு மேல் 70 மீட்டர் மண் இருப்பதாக வைத்துக்கொள்வோம். மண்ணின் அடர்த்தி நீரைப் போல இரு மடங்கு என்றால், அது சதுர சென்டிமீட்டருக்குச் சுமார் 14 கிலோ அழுத்தும். தண்ணீரால் அசைக்க முடியாது. அந்த மண்ணை அகற்றிவிட்டால் மிஞ்சுவது 15 மீட்டர் கரி. அதன் அழுத்தம் 2 கிலோகூட வராது. கீழிருந்து தள்ளுவதோ 6 கிலோ. சுரங்கத்தின் தரையே உப்பி, பிளந்து, வெள்ளம் பொங்கும்.

ஆகவே, வெட்டுவதற்கு முன்பே கீழ்மணல் வரை குழாய்க் கிணறுகள் இறக்கி இறைக்கிறார்கள். மணலை வற்றடிப்பது நோக்கமல்ல, அழுத்தத்தைத் தணித்தால் போதும். ஒவ்வொரு கிணற்றைச் சுற்றியும் நீரழுத்தம் புனல் வடிவில் தாழ்கிறது. அருகருகே உள்ள புனல்கள் ஒன்றோடொன்று கலந்து, வெட்டும் இடத்துக்கு அடியில் பெரியதொரு தாழ்வு உண்டாகிறது. சுரங்கம் நகர நகரக் கிணறுகளும் இடம் மாறுகின்றன. இறைப்பதை நிறுத்தினால் அழுத்தம் மீண்டும் ஏறத் தொடங்கும். அதனால்தான் மே மாதத்திலும் ஓய்வில்லை. அந்தக் கணக்கைப் போட்டு, தரை பிளக்காமல் கரியெடுத்த பொறியாளர்களை எவ்வளவு பாராட்டினாலும் தகும்.

ஆனால் புனல் சுரங்க வேலியோடு நிற்பதில்லை. ஒரு காலத்தில் இந்த வட்டாரத்தில் குழாய் இறக்கினாலே தண்ணீர் தானாகப் பொங்கி வழிந்தது. இப்போது மோட்டார் வேண்டும். சுரங்கம், விவசாயம், நகரங்களின் தேவை என்று இறைப்பவர்கள் பலர். யாரால் எவ்வளவு இறங்கியது என்பதை அளவைதான் சொல்ல வேண்டும். உள்ளங்கையில் தேங்காயை நிறுத்தி நீரோட்டம் பார்ப்பவருக்கு இன்றும் பணம் கொடுக்கிறோம். அடியில் இத்தனை நீர் பரந்து கிடக்கும் மண்ணில் பெரும்பாலும் எங்கே தோண்டினாலும் நீர் வரும். அதில் தேங்காய்க்கு வேலையே இல்லை. அந்தப் பணமும், அதைப் போலப் பல மடங்கு அரசுப் பணமும் நிலத்தடி நீர் ஆய்வுக்குப் போக வேண்டும். ஊர்வாரியான அளவுகளை விவசாயி தன் கைபேசியில் பார்க்க முடிய வேண்டும் என்று நான் உறுதியாக நினைக்கிறேன்.

அடுத்த முறை போகும்போது மோட்டார் பொருத்தாமல் மூடி மட்டும் போட்ட ஒல்லியான குழாய் ஏதாவது நிற்கிறதா என்று பாருங்கள், தங்கையே. அவை நீரை அளப்பதற்காக இறக்கியவை. உள்ளே நாடாவை விட்டு, தண்ணீர் எத்தனை மீட்டருக்குக் கீழே நிற்கிறது என்று குறித்துக்கொள்வார்கள். அன்றைய அளவு என்ன என்று கேளுங்கள். ஒரு வருடம் கழித்து மறுபடியும் கேளுங்கள்.