தை மாதத்து அருவி

தை பிறந்து பத்து நாள் ஆகியிருந்தது. மதுரையில் கடைசியாகக் குடை விரித்தது மார்கழி முதல் வாரத்தில். வாடிப்பட்டியில் பஸ்ஸை விட்டு இறங்கி, குட்லாடம்பட்டிப் பக்கமாகச் சிறுமலை அடிவாரத்துக்குப் போகும் வழியெல்லாம் ஒரே புழுதி. ஆனால் அருவியில் தண்ணீர் விழுந்துகொண்டிருந்தது. ஆர்ப்பாட்டம் இல்லை, பாறையின் இடது ஓரத்தில் முழங்கை அகலத்துக்கு வெள்ளை வேட்டியை உலர்த்தியதுபோல் ஒரு தாரை.

கணக்குப் போட்டுப் பார்த்தால் இது நடக்கக் கூடாது. மலையோடை நொடிக்கு அரை மீட்டர் நகர்ந்தாலும் ஐந்து கிலோமீட்டரை மூன்று மணி நேரத்துக்குள் கடந்துவிடும். காலையில் உச்சியில் பெய்தது மதியத்துக்குள் அடிவாரத்தில் இருக்க வேண்டும். மறுநாள் பாறை காய்ந்திருக்க வேண்டும். அப்படியென்றால் இந்தத் தண்ணீர் ஐந்து வாரமாக எங்கே உட்கார்ந்திருந்தது?

எங்களுடன் வந்தவர் வனத்துறையின் வேட்டைத் தடுப்புக் காவலர். அடிவாரத்து ஊர்க்காரர், ஐம்பதைத் தாண்டியவர். என்னை ‘சார்’ என்றார். நான் ‘அண்ணே’ என்றேன். 2018 மார்ச்சில் குரங்கணிக் காட்டுத் தீ அத்தனை உயிர்களைக் கொண்டுபோன பிறகு, அனுமதியும் வழிகாட்டியும் இல்லாத மலையேற்றத்துக்கு இங்கே இடமில்லை. நல்ல ஏற்பாடுதான். காட்டைப் பற்றி நான் படித்திருந்ததில் பாதியை அவர் அன்றைக்கு ஒரு குச்சியை வைத்தே விளக்கிவிட்டார்.

குச்சி என்றால் நிஜமாகவே குச்சி. காலை ஏழு மணிக்கு ஏறத் தொடங்குமுன், அருவிக்குக் கீழே ஓடை ஒடுங்கும் இடத்தில், நீர் மண்ணைத் தொடும் விளிம்பில் சரியாக ஒரு வெப்பாலைக் குச்சியை ஊன்றினார்.

“எதற்கு அண்ணே?”

“திரும்பி வரும்போது சொல்கிறேன், சார்.”

சிறுமலையை நான் ஒரு தீவாகத்தான் பார்க்கிறேன். மதுரைக்கும் திண்டுக்கல்லுக்கும் நடுவே, சுற்றிலும் வறண்ட சமவெளி சூழ, ஆயிரம் மீட்டருக்கு மேல் தனியாக எழுந்து நிற்கிறது. கடலுக்குப் பதில் கரிசலும் செம்மண்ணும். தீவு மலை என்ன செய்யுமோ அதையே இதுவும் செய்கிறது: வழியில் வரும் காற்றை மேலே தள்ளுகிறது. மேலே போகும் காற்று விரிகிறது, விரிவதால் குளிர்கிறது. முகில் கட்டும் வரை ஒவ்வொரு கிலோமீட்டர் ஏற்றத்துக்கும் ஏறத்தாழ பத்து டிகிரி குறையும். குளிர்ந்த காற்றால் அத்தனை நீராவியைச் சுமக்க முடியாது, இறக்கி வைத்துவிடுகிறது.

இதன் உச்சக்கட்டத்தைப் பார்க்க ஜப்பானின் தெற்கிலுள்ள யாகுஷிமா தீவுக்குப் போக வேண்டும். குறுக்களவு முப்பது கிலோமீட்டர்கூட இல்லாத வட்டத் தீவு. நடுவில் 1,936 மீட்டர் உயர மலை. வெதுவெதுப்பான கடலிலிருந்து வரும் ஈரக்காற்று நேராக அதில் மோதுகிறது. கிழக்குக் கரையிலேயே ஆண்டுக்கு 4,000 மில்லிமீட்டருக்கு மேல் மழை. உச்சியில் அதன் இரு மடங்கு அளவுக்கும் பெய்யும். மாதத்தில் முப்பத்தைந்து நாள் மழை என்று அந்தத் தீவைப் பற்றி வேடிக்கையாகச் சொல்வார்கள். முதிய ஊசியிலை மரங்கள் நிற்கும் அந்தக் காடு 1993 முதல் உலகப் பாரம்பரியச் சொத்து. வழிகாட்டிகளோடு பாசி மூடிய பாதைகளில் நடந்து அருவிகளைப் பார்ப்பதற்கென்றே ஆட்கள் போகிறார்கள். 88 மீட்டர் உயரத்திலிருந்து விழும் ஓகோ அருவி அங்கேதான் இருக்கிறது.

மதுரைக்கு ஆண்டு மழை ஏறத்தாழ 850 மில்லிமீட்டர். அதிலும் ஐப்பசி, கார்த்திகையில் கொட்டுவதுதான் அதிகம். யாகுஷிமாவில் அருவி ஓயாததில் ஆச்சரியம் இல்லை. நேற்றுப் பெய்ததும் இன்று பெய்வதும் போதும். மழையில் ஏழையான மலையில்தான் மலையின் கைவேலை தெரியும்.

ஒரு மணி நேரம் ஏறியதும் உசிலையும் புதரும் குறைந்து நிழல் கூடியது. காவலர் பாதையை விட்டு இரண்டடி விலகி உட்கார்ந்தார். கையால் சருகை ஒதுக்கினார். மேலே காய்ந்த இலை. அதன் கீழே நைந்து கறுத்த இலை. அதற்கும் கீழே, இலையா மண்ணா என்று சொல்ல முடியாத ஒன்று. அதில் நூல்போல வெள்ளைப் பூஞ்சை இழைகள். ஒரு பிடி அள்ளி அழுத்தினார். கொழுக்கட்டை மாவுபோல் விரல் தடம் பதிந்து நின்றது. ஐந்து வாரம் மழையில்லாத மண்.

என் பாட்டிலை வாங்கி, ஒதுக்கிய இடத்தில் அரை லிட்டரை மெதுவாகச் சரித்தார். குட்டைகூடக் கட்டவில்லை, மண் இழுத்துக்கொண்டது. மிச்சத்தை நாங்கள் நடந்து வந்த பாதையில் ஊற்றினார். பல வருடக் காலடிகள் இறுக்கிய தரை. தண்ணீர் தயங்கியது, பிறகு ஒரு கோடாகி, துரும்பைச் சுமந்துகொண்டு பள்ளம் பார்த்து ஓடியது. இரண்டு இடத்துக்கும் தூரம் இரண்டடி. (அன்றைக்கு எனக்கு இருந்த குடிநீர் அவ்வளவுதான் என்பது அவருக்குத் தெரியாது.)

காட்டு மண்ணில் கண்ணுக்குத் தெரியும் ஓட்டைகள் ஏராளம். செத்த வேர் மட்கிப்போய் விட்டுச் சென்ற குழாய், மண்புழு துளைத்த பாதை, எறும்பும் கறையானும் தோண்டிய அறை. மழைத்துளி முதலில் இலையில் அடிபட்டு வேகம் இழக்கிறது, பிறகு சருகில் விழுகிறது, அதன்பின் இந்த வழிகளில் இறங்குகிறது. மொட்டைத் தரையில் துளி நேரடியாக மண்ணைக் குத்தும். சிதறிய நுண்துகள்கள் துளைகளை அடைத்து மேலே ஒரு ஓடு கட்டிவிடும். அதற்குப் பிறகு பெய்வதெல்லாம் மேலோடு ஓடும் வெள்ளம்தான்.

அளவு எவ்வளவு என்று கேட்டால்: ஒரு சதுர கிலோமீட்டரில் 50 மில்லிமீட்டர் மழை என்பது 5 கோடி லிட்டர். 12,000 லிட்டர் தண்ணீர் லாரியில் ஏற்றினால் நாலாயிரத்துச் சொச்சம் லாரிகள். ஒரே சாயங்காலத்து மழை.

உள்ளே போனது நடந்துகொள்ளும் விதத்தைப் புரிந்துகொள்ள அடுக்களைக்குப் போனால் போதும். காப்பி பில்டரின் மேல் பாத்திரத்தில் பொடி போட்டு வெந்நீர் ஊற்றுகிறோம். டிகாக்ஷன் முதலில் விறுவிறுவென இறங்கும், பிறகு சொட்டும், பிறகு ஒரு சொட்டுக்கும் அடுத்ததற்கும் நடுவே நாம் செய்தித்தாளைப் படித்துவிடலாம். எவ்வளவு மிச்சம் இருக்கிறதோ அதைப் பொறுத்தே வேகம். மலையும் அப்படித்தான். மண்ணும், மக்கிய பாறையும், பாறையின் விரிசல்களும் பொடியின் இடத்தில். மழை நின்ற முதல் வாரத்தில் ஓட்டம் சட்டென்று சரியும். அதன்பின் சரிவே மெதுவாகிவிடும். தை மாதத்தில் நான் பார்த்த முழங்கை அகலத் தாரை அந்தக் கடைசிச் சொட்டுகளின் கூட்டம். பொடியில்லாமல் வெறும் பில்டரில் வெந்நீர் ஊற்றினால் என்ன ஆகுமோ, மரமும் மண்ணும் போன மலையில் மழைக்கு அதுதான் ஆகும்.

அடித்தட்டு மட்டும் நம் மலைகளில் கொஞ்சம் விசேஷம். சிறுமலையில் பெருமளவு இருப்பது சார்னோகைட் என்னும் மிகப் பழைய கடும்பாறை. பெயருக்குப் பின்னால் ஒரு கல்லறை இருக்கிறது. கொல்கத்தாவில் கிழக்கிந்தியக் கம்பெனி அதிகாரி ஜாப் சார்னாக்கின் சமாதிக்கல் நம் சென்னைப் பரங்கிமலையில் கிடைக்கும் அதே இனம் என்று கண்ட புவியியலாளர் தாமஸ் ஹாலண்ட், 1893இல் அவர் பெயரையே பாறைக்குச் சூட்டினார். பரங்கிமலைக் கல்லென்று நாம் சொல்லியிருக்கலாம். நம்மை யார் கேட்டார்கள்.

இந்தப் பாறைக்குள் மணற்கல்லைப்போல நுண்துளைகள் கிடையாது. தண்ணீர் விரிசல் வழியே மட்டும் நகர முடியும். எனவே மேலே மக்கிய அடுக்கில் இறங்கும் நீர், கீழே உடையாத பாறையைத் தொட்டதும் மேற்கொண்டு போக வழியின்றிப் பக்கவாட்டில் நழுவுகிறது. அந்தப் பாறை சரிவில் வெளியே தலைகாட்டும் இடத்தில் நீரும் வெளியே வரும். அதுதான் சுனை. அழகர்மலையின் நூபுர கங்கை வற்றாது என்று மதுரைக்காரர்கள் சொல்வதில் பக்தி பாதி, இந்த ஏற்பாடு பாதி. மேலே உள்ள கிடங்கு பெரிது, கதவு மிகச் சிறிது. அழகர்மலையின் பழைய பெயரான திருமால்குன்றத்தில் மூன்று பொய்கைகள் உண்டு என்று மதுரைக்கு வரும் வழியில் கோவலனுக்கு ஒருவர் சொல்வது சிலப்பதிகாரத்திலேயே இருக்கிறது. இந்த மலைகளின் நீரை நம் ஆட்கள் வெகுகாலமாகக் கணக்கில் வைத்திருக்கிறார்கள்.

மரங்கள் தண்ணீரை உண்டாக்குகின்றன என்று பள்ளிப் பேச்சுப்போட்டிகளில் சொல்வதுண்டு. அது சரியில்லை. மரம் குடிக்கிறது, நிறையவே குடிக்கிறது. வேரால் இழுத்து இலையால் ஆவியாக விடுகிறது. மொத்தக் கணக்கில் ஓடைக்கு வரவேண்டியதில் ஒரு பங்கு அதற்குப் போய்விடும். காட்டின் உதவி அளவில் இல்லை, தவணையில் இருக்கிறது: ஒரே நாளில் ஓடிப்போக வேண்டியதை மாதக்கணக்கில் பிரித்துக் கொடுக்கிறது. கூலியாகத் தானும் கொஞ்சம் எடுத்துக்கொள்கிறது.

பத்து மணி வாக்கில் அருவியின் தலைக்கு மேலே இருந்தோம். அங்கிருந்து கீழே 27 மீட்டர். காற்றின் தடையைக் கழித்துவிட்டால் ஒரு சொட்டுக்கு ஏறத்தாழ 2.3 நொடிப் பயணம். தரையைத் தொடும்போது மணிக்கு 80 கிலோமீட்டருக்குச் சற்று மேல். அத்தனை ஆற்றலும் கீழே வெப்பமாக மாற வேண்டும், அதாவது அருவியின் அடியில் உள்ள நீர் மேலே உள்ளதைவிடச் சூடாக இருக்க வேண்டும். இருக்கும், டிகிரியில் நூற்றில் ஆறு பங்கு. வெப்பமும் வேலையும் ஒன்றே என்று காட்டிய ஜேம்ஸ் ஜூல், 1847இல் தேனிலவுக்கு ஆல்ப்ஸ் மலைக்குப் போன இடத்தில் ஓர் அருவியின் மேலும் கீழும் இந்த வேறுபாட்டை அளக்க முயன்றார். கைகூடவில்லை. புது மனைவி என்ன நினைத்தாரோ.

பிறகு ஏன் அருவிக்கடியில் நடுங்குகிறோம்? சிதறும் திவலையில் ஒரு பகுதி ஆவியாகிறது. ஒரு கிராம் நீர் ஆவியாக எடுத்துக்கொள்ளும் வெப்பம், கிட்டத்தட்ட 580 கிராம் நீரை ஒரு டிகிரி குளிர்விக்கப் போதும். விழுவதால் ஏறும் சூடு இதற்குமுன் ஒன்றுமே இல்லை. மண்பானைத் தண்ணீர் குளிர்வதும் இதே கணக்கில்தான்.

விழும் நீர் பாறையையும் சும்மா விடாது. பெரியகுளம் பக்கத்துக் கும்பக்கரைக்குப் போனவர்களுக்கு யானை கெஜம், உரல் கெஜம் என்ற பள்ளங்களைத் தெரிந்திருக்கும். பாறையின் சிறு குழியில் மாட்டிக்கொண்ட கூழாங்கல் சுழலில் சுற்றிச் சுற்றிக் குழியை அரைத்துக்கொண்டே இருக்கும். கல் தேய்ந்து போனால் அடுத்த வெள்ளம் புதுக் கல்லைக் கொண்டுவரும். உரல் என்று பெயர் வைத்தவருக்குப் புவியியல் பாடம் தேவைப்படவில்லை. அந்தக் குழிகளின் ஆழம் மேலிருந்து தெரியாது; இறங்காதீர்கள்.

அதைவிடப் பெரிய ஆபத்து கண்ணுக்கே தெரியாத இடத்தில் இருக்கிறது. மண் முழுதும் ஊறியபின், அல்லது ஊற நேரம் தராத அடைமழையில், பில்டர் நிரம்பி வழியும். அருவியடியில் வெயில் அடித்துக்கொண்டிருக்கும்போதே பல கிலோமீட்டர் மேலே பெய்த மழை வந்து சேரும். 2024 மே மாதம் பழைய குற்றாலத்தில் அப்படி வந்த வெள்ளம் ஒரு சிறுவனை அடித்துச் சென்றது. காவலரிடம் அடையாளம் கேட்டேன். தெளிந்த நீர் திடீரெனக் கலங்குவது, இலையும் சுள்ளியும் கூட்டமாக மிதந்து வருவது, சத்தத்தின் தொனி மாறுவது. இதில் ஒன்று தெரிந்தாலும் துண்டைத் தேடாமல் மேடேற வேண்டும் என்றார்.

இறங்கி வரும்போது மணி மூன்றரை. நான் குச்சியை மறந்தே போயிருந்தேன். அவர் மறக்கவில்லை. ஓடை ஒடுங்கும் இடத்தில் குந்தி உட்கார்ந்து விரலை வைத்துக் காட்டினார். காலையில் நீர் விளிம்பில் நின்ற குச்சி இப்போது ஈர மண்ணில் தனியாக நின்றது. தண்ணீர் அதைவிட ஒரு விரற்கடை தள்ளிப் போயிருந்தது.

“பகலில் மரமெல்லாம் குடிக்கும், சார். ராத்திரி குடிக்காது. விடியற்காலையில் வந்தால் திரும்ப இங்கே நிற்கும்.”

நீரியலாளர்கள் தானியங்கிக் கருவி வைத்துப் பதிவு செய்யும் அன்றாட ஏற்றஇறக்கம் அது. வெயிலேற ஏற இலைத்துளைகள் நீராவியை விட, ஓரத்து மரங்களின் வேர்கள் ஓடைக்குப் போகும் நீரைப் பாதி வழியில் எடுத்துக்கொள்கின்றன. கரையில் ஒரு நீர்மருது நின்றது, வேரின் பாதி தண்ணீருக்குள். அவர் குச்சியைப் பிடுங்கவில்லை. மறுநாள் ஆறு மணிக்கு ரோந்து வரும்போது பார்த்துக்கொள்வதாகச் சொல்லிவிட்டு, என் காலி பாட்டிலை வாங்கி ஓடைக்கு மேலே பாறைக் கசிவில் பிடித்தார். நிரம்ப நாலு நிமிடம் ஆயிற்று.