பற்றிஸுக்குள் போகும் மீன்

பின்னேரம் நாலு மணித் தேத்தண்ணியோடு ஒரு மீன் பற்றிஸ். யாழ்ப்பாணத்திலும் கொழும்பிலும் இதற்கு விளக்கம் தேவையில்லை. மேலே இருக்கும் மடிப்பு வெள்ளைக்காரர் வழியில் வந்தது. உள்ளே இருப்பது கறிவேப்பிலையும் பச்சை மிளகாயும் மிளகும் தேசிப்புளியும் சேர்ந்த எங்கள் மீன் கறி. ரோல்ஸ், கட்லட், சிங்களத்தில் மாலு பாண் என்று சொல்லும் மீன் பணிஸ் எல்லாம் இப்படிக் கலந்து பிறந்தவைதான். பாண் என்ற சொல்லே போர்த்துக்கேயருடையது.

பல வருடமாக இவற்றைச் செய்து விற்கிறேன். வீட்டிலிருந்தே தொழில் செய்ய விரும்பும் பெண்களுக்குச் சொல்லியும் கொடுக்கிறேன். வருபவர்கள் விளிம்பை எப்படிப் பின்னுவது, மொறுமொறுப்பு எப்படி நிற்கும் என்றுதான் கேட்பார்கள். முதல் நாள் வகுப்பில் நான் மாவைத் தொடுவதே இல்லை. மீனைப் பற்றித்தான் பேசுவேன்.

தொழில் தொடங்கிய புதிதில் ஒரு பிறந்தநாள் வீட்டுக்கு 150 பற்றிஸ் கொடுத்தேன். பாசையூர்ச் சந்தையில் விடியவே வாங்கிய சூரை. வேறு வேலைகள் இருந்ததால் அது பையோடு குசினி மூலையில் பதினொரு மணிவரை கிடந்தது. வெட்டும்போது கெட்ட மணம் இல்லை, சதையும் நன்றாகவே இருந்தது. சாப்பிட்டு அரை மணி நேரத்துக்குள் நாலைந்து பேருக்கு முகமும் கழுத்தும் சிவந்துவிட்டன. தலையிடி, நெஞ்சுப் படபடப்பு, உடம்பெல்லாம் கடி. றால் ஏதும் கலந்துவிட்டதோ, ஒவ்வாமையோ என்று பயந்தார்கள். வைத்தியசாலையில்தான் மீனால் வந்த நஞ்சு என்றார்கள். அடுத்த நாளே எல்லாருக்கும் சுகம் வந்தது. ஆனால் அந்த மீனை ஐஸ் இல்லாமல் போட்டு வைத்தவள் நான். அதற்குப் பிறகுதான் இதைத் தேடிப் படித்தேன்.

சூரை, கும்பளா, சாளை போன்ற மீன்களின் சதையில் ஹிஸ்டிடின் என்ற பொருள் இயல்பாகவே அதிகம். மீன் செத்த பிறகு சூட்டில் கிடந்தால் பக்றீரியாக்கள் அதை ஹிஸ்டமினாக மாற்றிவிடும். ஒருமுறை உண்டான ஹிஸ்டமின் அவித்தாலும் போகாது, பொரித்தாலும் போகாது, பிரீசரில் வைத்தாலும் போகாது. மணந்து பார்த்தும் கண்டுபிடிக்க முடியாது. சில வேளை நாக்கில் மிளகு கடித்ததுபோல ஓர் எரிவு தெரியும். எங்கள் பற்றிஸ் கறியிலோ மிளகு தாராளமாகவே இருக்கிறது. அந்த ஒரே எச்சரிக்கையும் அதற்குள் மறைந்துபோகும். கிலோ ஒன்றுக்கு 200 மில்லிகிராமுக்கு மேல் ஹிஸ்டமின் இருக்கக்கூடாது என்று சர்வதேச உணவு நியமமான கோடெக்ஸ் சொல்கிறது. அதை அளக்கும் கருவி எங்கள் குசினியில் கிடையாது. எங்களிடம் இருப்பது ஐஸ் மட்டும்தான். சந்தைக்குப் போகும்போதே றெஜிபோம் பெட்டியில் ஐஸோடு போங்கள். ஐஸ் இல்லாமல் வெயிலில் பரப்பி வைத்த சூரையை, விலை எவ்வளவு குறைந்தாலும், வாங்காதீர்கள்.

"ரீச்சர், கடைசியில கொதிக்கிற எண்ணெய்க்க போடுறம்தானே, பிறகென்ன பயம்?" என்று ஒவ்வொரு வகுப்பிலும் யாராவது கேட்பார்கள். பற்றிஸ் ஒன்றை எண்ணெயிலிருந்து எடுத்த உடனே பிளந்து, நடுவில் தெர்மோமீற்றர் வைத்துக் காட்டுவேன். மேல்தோல் பொன்னிறமாக இருக்கும்; குளிர்ந்த கறி வைத்து மடித்தது என்றால் நடுப்பகுதி பல வேளை இளஞ்சூடாகத்தான் இருக்கும். குறைந்தது 70 பாகை செல்சியஸ் வரவேண்டும். எண்ணெய் அளவுக்கு மிஞ்சிக் கொதித்தால் தோல் முந்திவிடும், உள்ளே பிந்திவிடும். அதனால் 170 பாகை அளவில், கொஞ்சம் கொஞ்சமாகப் போட்டுப் பொரியுங்கள்.

கறியை ஆறவைப்பதில்தான் கூடுதல் பேர் பிழை விடுகிறார்கள். சூட்டோடு மடித்தால் ஆவியில் மா இளகி, எண்ணெயில் வெடித்துவிடும். ஆகவே ஆறத்தான் வேண்டும். ஆனால் பெரிய சட்டியில் மூடி போட்டு இரவு முழுக்க அடுப்பில் வைத்தால், கிழங்கும் மீனும் சேர்ந்த அந்தக் கறியின் நடு மணிக்கணக்காக இளஞ்சூட்டிலேயே நிற்கும். 5 முதல் 60 பாகை வரை கிருமிகளுக்கு நல்ல காலம். கையிலிருந்து போகும் ஸ்டாபிலோகொக்கஸ் என்ற கிருமி அங்கே பெருகி நஞ்சு சுரந்துவிட்டால், அந்த நஞ்சும் பொரியலில் அழியாது. அகலமான தட்டத்தில் இரண்டு விரல் உயரத்துக்கு மேல் போகாமல் பரப்பி, காற்றாடிக்குக் கீழே வைத்து, சூடு தணிந்ததும் பிரிட்ஜுக்குள் வையுங்கள். அடுப்பால் இறக்கி இரண்டு மணி நேரத்துக்குள் இது முடியவேண்டும். முள் எடுப்பதும் மீன் ஆறிய உடனேயே, கழுவிய கையால். விரலில் வெட்டுக்காயம் இருந்தால் அன்றைக்கு அந்த வேலை வேறு ஒருவருக்கு.

டின் மீனில் செய்தாலும், டின்னைத் திறந்த நேரத்திலிருந்து அதுவும் சமைத்த மீன்தான். அதே கவனம் வேண்டும்.

கடைகளில் பல்ப் போட்ட கண்ணாடிப் பெட்டியைப் பார்த்திருப்பீர்கள். பொரித்ததை 60 பாகைக்கு மேல் வைத்திருக்கத்தான் அந்தச் சூடு. ஒரு சிறு பல்ப் அதைச் செய்யாது. முட்டையிலிருந்து குஞ்சு வரவைக்கிற இளஞ்சூட்டில்தான் பலகாரத்தை வைத்திருக்கும். காலையில் அடுக்கிய மீன் ரோல்ஸைப் பின்னேரம் பிள்ளைகளுக்கு வாங்கிக் கொடுக்காதீர்கள். எப்போது பொரித்தது என்று கேளுங்கள். கேட்பதில் மரியாதைக் குறைவு ஒன்றும் இல்லை.

எனக்கு நாலு மணிக்கு ஓடர் இருந்தால் முதல் நாள் பின்னேரமே கறியைச் செய்து, ஆறவைத்து, பிரிட்ஜில் வைத்துவிடுவேன். அடுத்த நாள் ஒன்றரைக்கு மா குழைப்பேன்: அரைக் கிலோ கோதுமை மாவுக்கு 100 கிராம் மாஜரின், ஒரு முட்டை மஞ்சள் கரு, உப்பு, பிசையத் தேவையான தேங்காய்ப்பால். அது மூடியபடி அரை மணி நேரம் கிடக்கும். கறியைப் பகுதி பகுதியாகத்தான் வெளியே எடுப்பேன்; மடித்தவை உடனே திரும்பப் பிரிட்ஜுக்குப் போகும். மூன்று மணிக்கு எண்ணெய் அடுப்பில் ஏறும். மூன்றே முக்காலுக்குப் பெட்டி வாசலைத் தாண்டும். பெட்டியின் மேல் மீன், முட்டை, கோதுமை உண்டு என்றும், ஆறு மணிக்குப் பிறகு சாப்பிடவேண்டாம் என்றும் கையால் எழுதி ஒட்டியிருப்பேன்.